வடிவாய் நில்லு, வாய் திறக்காதை

பத்மா லக்ஷ்மியைப் பற்றி எங்கட ஆக்கள் கதைக்க வெளிக்கிட்டால் கதை இரண்டு வசனத்தில் முடிந்துவிடும். "சல்மான் ருஷ்டியின்ர பழைய மனிசி." "உடம்பைக் காட்டிப் பேர் எடுத்தவ." முகநூலில் இனப்பெருமை எழுதுகிற அண்ணைமார் கொஞ்சம் தாராளம். அவையள் மூன்றாவதாய் "எண்டாலும் தமிழச்சி" எண்டு ஒண்டைச் சேர்ப்பினம்.

ருஷ்டியை அவர் மணம் முடித்து வாழ்ந்தது 2004 இலிருந்து 2007 வரை. 'டொப் செஃப்' என்ற அமெரிக்கச் சமையல் போட்டியை முன்னின்று நடத்தியது 2006 இலிருந்து 2023 வரை. மூன்று வருசத்தை வைத்து ஆளை அளக்கிறவை பதினேழு வருசத்தைக் கணக்கில் எடுக்கிறேல்லை. நாவல் வாசிக்கிற, உலக இலக்கியம் கதைக்கிற வட்டங்களிலும் இதே கணக்குத்தான். அங்கே மட்டும் கொஞ்சம் நளினமாகச் சொல்லுவினம்.

நாங்கள் சொல்ல வருவது இதுதான். பார்க்கப்படுவதற்காகச் சம்பளம் வாங்கின ஒரு பெண், எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே கதைக்கத் தொடங்கினார். எங்கட சமூகத்துக்கு அவரின்ர படங்கள் உண்மையில் பிரச்சினையே இல்லை. படத்தை நாங்களும் எடுக்கிறம்தானே. அவர் கதைத்ததுதான் தொண்டைக்குள் இறங்குதில்லை.

ஆளை முதலில் ஒழுங்காக அறிமுகப்படுத்துவம். 1970 செப்டெம்பர் 1 சென்னையில் பிறந்தவர். இரண்டு வயதில் தாய் தகப்பன் பிரிந்துவிட்டினம். தாய் விஜயா தாதியாக அமெரிக்கா போனார். மகள் நாலு வயதில் தாயிடம் போய்ச் சேர்ந்தார். இதை வாசிக்கிற தீவுப் பிள்ளைகளுக்கு விளக்கம் தேவையில்லை. அம்மா வெளிநாட்டில், பிள்ளை அம்மம்மாவோட எண்ட வீடு எங்கட ஒவ்வொரு ஒழுங்கையிலும் இருக்கு. கலிபோர்னியாவில் பள்ளிக்கூடம் போகும்போது தன் பேரே ஒரு தொல்லையாகி, கொஞ்சக் காலம் 'ஆஞ்செலிக்' எண்டு பேரை மாத்தி வைத்திருந்தார். கறுப்பாய், ஒல்லியாய், விளங்காத பேரோட ஒரு பெட்டை. "அழகி" எண்டு அந்தப் பள்ளிக்கூடத்தில் ஒருவரும் சொல்லியிருக்க மாட்டினம்.

14 வயதில் கார் விபத்து. மாலிபு கோயிலுக்குப் போய்த் திரும்பி வரும்போது நடந்தது. இடுப்பும் வலது மேற்கையும் முறிந்து, கையில் சத்திரசிகிச்சை செய்த இடத்தில் ஏழு அங்குல நீளத்துக்குத் தழும்பு நிலைத்துவிட்டது. பிறகு கிளார்க் பல்கலைக்கழகத்தில் நாடகம் படித்தார். படிப்பின் ஒரு பகுதியாக ஸ்பெயின் போனபோது மட்ரிட்டில் ஒரு மொடலிங் முகவர் கண்டு கூப்பிட்டார். பாரிஸ், மிலான், நியூயோர்க் எல்லாம் அதுக்குப் பிறகு. அந்த நகரங்களின் மேடைகளில் இந்தியப் பெண்கள் அநேகமாக இல்லாத காலம் அது. தொடக்கத்தில் தழும்பை மேக்கப்பால் மறைத்துத்தான் வேலை நடந்தது. ஹெல்முட் நியூட்டன் எண்ட பெரிய புகைப்படக்காரர் அந்தத் தழும்பு தெரியவேண்டும் என்றே படம் எடுத்த பிறகுதான் சந்தை திரும்பியது. மறைக்கச் சொன்ன அதே தொழில் அதைக் காட்டச் சொல்லிக் காசு கொடுத்தது.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்கவேணும். வடக்கில் தழும்பு இல்லாத வீடு குறைவு. ஷெல் துண்டு பட்ட கை, எரிந்த கழுத்து, தையல் போட்ட வயிறு. ஆம்பிளையளின்ர தழும்புக்கு எங்களிட்டக் கதை இருக்கு, மரியாதை இருக்கு, சில வேளை கவிதையும் இருக்கு. பொம்பிளையளின்ர தழும்புக்கு நீட்டுக் கைச் சட்டைதான் இருக்கு. கலியாணம் பேசி வாற புரோக்கரிடம் "பிள்ளைக்குக் கையில ஒரு சின்னக் காயம்" எண்டு குரலைத் தாழ்த்திச் சொல்லுற தாய்மாரை நாங்கள் கண்டிருக்கிறம். நியூட்டன் செய்தது புரட்சி எண்டு நாங்கள் சொல்ல மாட்டம். தழும்பைக்கூட விற்கப் பழகின தொழிலின் கெட்டித்தனம் அது. ஆனால் பத்மா அதுக்குப் பிறகு அந்தக் கையை மூடவில்லை. ரிவியில், விருது மேடையில், சஞ்சிகை அட்டையில் கையில்லாச் சட்டையோடுதான் நிற்கிறார். முப்பது வருசமாகத் தினம் பார்க்கிற ஒரு கறுப்புத் தோல், ஒரு நீட்டுத் தழும்பு. எங்கட ரிவிகளில் செய்தி வாசிக்கிற அக்காமாரின்ர முகத்தில் ஒரு மறுவாவது தெரிந்திருக்கா?

நடிகையாக அவர் பெரிதாய் எடுபடவில்லை. இத்தாலியில் 1997 இல் 'டொமெனிக்கா இன்' எண்ட ஞாயிற்றுக்கிழமை நிகழ்ச்சியைச் சேர்ந்து நடத்தினார். அங்கேயே சில தொடர்களில் நடித்தார். பிறகு 'கிளிட்டர்' (2001), 'ஸ்டார் ட்ரெக்: என்டர்பிரைஸ்' தொடரில் ஒரு பாகம், ஹிந்தியில் 'பூம்' (2003). பார்க்காதவை ஒண்டையும் இழக்கேல்லை. 1999 இல் ஒரு சமையல் புத்தகம் எழுதினதுதான் திருப்பம். மொடல் சமையல் புத்தகம் எழுதுறதோ, மொடல் சாப்பிடுறதோ எண்டு சிரித்தவை அங்கேயும் இருந்திருப்பினம். 'டொப் செஃப்' அவரைக் கூப்பிட்டது இரண்டாவது பருவத்தில். அவர் விட்டுப் போனது இருபதாவதில். தொழில்முறைச் சமையற்காரரின் தட்டை ருசி பார்த்து, நீ வீட்டை போகலாம் எண்டு முகத்துக்கு நேரே சொல்லுற வேலை. எங்கட வீடுகளில் மூன்று வேளையும் சமைக்கிறது பொம்பிளையள், உப்புக் கூடினது எண்டு தீர்ப்புச் சொல்லுறது ஆம்பிளையள். ஒரு பெண் இருந்து சாப்பிட்டுப்போட்டுத் தீர்ப்புச் சொல்லுறதைப் பார்க்கிறதே எங்களுக்கு ஒரு சுகம். மறைக்க ஒண்டுமில்லை.

ஆனால் எங்களுக்குப் பிடித்தது 2020 இல் வந்த 'டேஸ்ட் த நேஷன்'. பிரமாண்டக் குசினி இல்லை, போட்டி இல்லை. எல் பாசோவில், மெக்சிக்கோ எல்லைக் கரையில், தினம் எல்லையைக் கடந்து வந்து வேலை செய்கிற ஆக்களின்ர சாப்பாட்டில் தொடங்கும். அரிசோனாவில் அப்பாச்சி மக்கள், தென் கரோலினாவில் அடிமைகளின் வழிவந்த கல்லா கீச்சி மக்கள் எண்டு போகும். யாரின்ர நிலம், யார் துரத்தப்பட்டது, துரத்தப்பட்டவை தங்களோட எதைக் கொண்டு போச்சினம் எண்டு சாப்பிட்டுக்கொண்டே கேட்கிற நிகழ்ச்சி. 1990 களின் தொடக்கத்தில் வேலணையையும் புங்குடுதீவையும் விட்டு வெளிக்கிட்டு ரொறன்ரோவிலும் பாரிசிலும் ஒடியல் கூழ் காய்ச்சுற சனத்துக்கு இதைவிட நெருக்கமான ரிவி நிகழ்ச்சி என்ன? இதைப் பற்றித் தமிழில் எழுத ஆளில்லை. 2023 இல், 52 வயதில், நீச்சலுடையில் சஞ்சிகை ஒண்டுக்குப் படம் கொடுத்தவுடன் மட்டும் எல்லாருக்கும் எழுத வந்தது. "இந்த வயசில இது தேவையா?"

தேவையா எண்டு கேட்கிறவையிடம் நாங்களும் ஒண்டு கேட்கவேணும். எங்கட சாமத்தியவீடு தேவையா?

சொல்லுங்கோ. பன்னிரண்டு, பதின்மூன்று வயதுப் பிள்ளை. விடியப்புறம் எழுப்பி மேக்கப் போடத் தொடங்கினால் பத்து மணிக்குத்தான் முடியும். பிள்ளையின்ர கழுத்துத் தாங்காத நகை, பிள்ளையின்ர நிறமில்லாத முகம். போட்டோக்காரர் சொல்லுவார்: நாடியைக் கொஞ்சம் இறக்குங்கோ, கண்ணை மட்டும் மேல எடுங்கோ, பல்லுத் தெரியாமல் சிரியுங்கோ. பிறகு உடுப்பு மாத்தி வெளிப் படப்பிடிப்பு. சாட்டிக் கடற்கரை, நெடுந்தீவுக் குதிரை, முருகைக்கல் வேலி, மேலே ட்ரோன். சினிமாப் பாட்டுப் போட்டு, மெல்ல நடக்கவிட்டு, தலைமயிரைக் காற்றில் பறக்கவிட்டு மூவி எடிட் பண்ணி யூடியூப்பில் ஏத்துவினம். வெளிநாட்டுச் சொந்தமெல்லாம் பார்த்து "வடிவு" எண்டு எழுதுவினம். "கொஞ்சம் வெள்ளையாய் வந்திட்டா" எண்டும் எழுதுவினம். செலவு லட்சங்களில். பாதி, சுவிஸில் இருக்கிற மாமா அனுப்பினது.

இது மொடலிங் இல்லாமல் வேறென்ன? பத்மாவுக்குச் சம்பளம் இருந்தது, ஒப்பந்தம் இருந்தது, வளர்ந்த ஆள், வேண்டாம் எண்டு சொல்லலாம். இந்தப் பிள்ளைக்கு அதில் ஒண்டும் இல்லை. தனக்குள் நடந்த ஒரு விசயத்துக்கு ஊர் முழுக்கக் கார்ட் கொடுபடுது. அந்த விசயத்தின்ர பேரை வீட்டுக்குள்ளேயே அவள் உரத்துச் சொல்ல ஏலாது. பள்ளிக்கூடத்திலும் அப்படித்தான். சுகாதாரப் புத்தகத்தில் அந்தப் பாடம் வரும்போது "வீட்டை போய் வாசியுங்கோ" எண்டு தாண்டின வகுப்புகளில் இருந்து வந்தவைதான் நாங்கள். படம் எடுக்கலாம், விளக்கம் கேட்கக்கூடாது. வடிவாய் நில்லு, வாய் திறக்காதை.

பத்மா வாய் திறந்தது இதே விசயத்தில்தான். 13 வயதில் தொடங்கின மாதவிடாய் நோ. மாதத்தில் கிட்டத்தட்ட ஒரு கிழமை படுக்கை. அதோடுதான் மேடையில் நடந்தது, அதோடுதான் கமராவுக்கு முன்னால் சிரித்தது. நோய்க்குப் பேர் தெரிய வந்தது 36 வயதில்: எண்டோமெட்ரியோசிஸ். கருப்பையின் உட்பக்கத்தில் இருக்கிற சவ்வு மாதிரி ஒரு திசு கருப்பைக்கு வெளியே வளர்ந்து, சூலகத்தில், குடலில் ஒட்டிப் பிடிக்கிற நோய். உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கில் பிள்ளை பெறுகிற வயதிலுள்ள பெண்களில் பத்தில் ஒருவருக்கு இது இருக்கலாம். உலகத்தில் 19 கோடிப் பேர். அமெரிக்காவில், தாதி ஒருவரின் மகளுக்கு, காசும் பேரும் உள்ள ஒருவருக்கு, கண்டுபிடிக்க 23 வருசம் எடுத்திருக்கு. 2009 இல் தனக்குச் சத்திரசிகிச்சை செய்த டொக்டர் தாமெர் செச்கினோடு சேர்ந்து இதற்கென ஒரு அமைப்பைத் தொடங்கினார். பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கும் தாதிமாருக்கும் இந்த நோயைப் பற்றிச் சொல்லிக்கொடுக்கிறது அதின்ர வேலைகளில் ஒண்டு. உடம்பு விற்பனையாகிற தொழிலில் இருந்துகொண்டு, என்ர உடம்புக்குள் இரத்தமும் நோவும் இருக்கு எண்டு மைக்கைப் பிடித்துச் சொல்லுறது லேசான வேலை இல்லை.

இப்ப இதைக் கொண்டுவந்து நெடுந்தீவில் வையுங்கோ. குறிகட்டுவானிலிருந்து படகில் ஒரு மணித்தியாலம். கடல் குழம்பினால் அதுவும் இல்லை. அங்கே ஒரு பதினேழு வயதுப் பிள்ளைக்கு மாதாமாதம் நிமிர ஏலாத நோ வருது. முதலில் அம்மம்மா வெந்தயம் கொடுப்பா. பிறகு பனடோல். பிறகு "எங்களுக்கு வராததோ, தாங்கத்தான் வேணும்". வி.ஓ.ஜி. எண்டு நாங்கள் சொல்லுற பெண்நோயியல் நிபுணரைப் பார்க்கிறது எண்டால் படகு, பஸ், ரவுணில் ஒரு நாள் முழுக்க. கலியாணமாகாத பிள்ளையை வி.ஓ.ஜி.யிடம் கூட்டிக்கொண்டு போனால் படகில் இருக்கிற சனம் என்ன கதைக்கும்? இந்த ஒரு கேள்விக்காகவே போகாமல் விட்டவையை எங்களுக்குத் தெரியும். எங்களோட படிக்கிற ஒருவர் கடைசியில் போனா. எந்த ஆஸ்பத்திரி எண்டு சொல்லத் தேவையில்லை. அங்கே கிடைத்த மருந்து: "கலியாணம் கட்டிப் பிள்ளை பெத்தால் சரியாயிடும்." ஒவ்வொரு செமஸ்டர் பரீட்சையிலும் குறைந்தது ஒரு பேப்பரை அவ குனிந்துகொண்டுதான் எழுதுறா. இந்த நாட்டில் 2018 வரை இறக்குமதி செய்கிற நாப்கினுக்கு வரிகள் எல்லாம் சேர்த்து நூறு வீதத்துக்கும் மேல். விலையைவிட வரி கூட. அதைப் பற்றி எந்தத் தமிழ் மேடையில், எந்தத் தேர்தலில் கதைத்தவை?

அடுத்தது சொல்லக் கஷ்டமானது. 2018 செப்டெம்பரில், அமெரிக்க உயர் நீதிமன்றத்துக்கு நியமிக்கப்பட்ட ஒருவர்மேல் ஒரு பெண் பழைய குற்றச்சாட்டைச் சொல்ல, உண்மையெண்டால் அப்பவே ஏன் பொலிசுக்குப் போகேல்லை எண்டு ஜனாதிபதியே கேட்டார். சில நாளில் பத்மா 'நியூயோர்க் ரைம்ஸில்' எழுதினார். தனக்கு 16 வயதாய் இருக்கும்போது, தான் பழகிக்கொண்டிருந்த 23 வயது ஆள் தன்னை வல்லுறவு செய்தது. 32 வருசம் வெளியில் சொல்லாதது. ஏன் சொல்லவில்லை எண்டதுக்கும் அதிலேயே பதில் இருக்கு. ஏழு வயதில், தாயின் இரண்டாவது கணவரின் உறவினர் ஒருவர் தன்னிடம் தவறாக நடந்ததை அவர் வீட்டில் சொல்லியிருக்கிறார். அதுக்குப் பிறகு ஒரு வருசம் அவரை இந்தியாவுக்குத் தாத்தா பாட்டியிடம் அனுப்பிவிட்டார்கள். வாய் திறந்தால் வெளியில போடுவினம் எண்டதுதான் ஏழு வயதில் அவர் படித்த பாடம்.

இனப்பெருமை அண்ணைமாரே, "எண்டாலும் தமிழச்சி" எண்டு சொல்லுறதெண்டால் இந்த இடத்தில் சொல்லுங்கோ. சொன்ன பிள்ளையை ஊருக்கு அனுப்புறதைவிடத் தமிழ்த்தனமான ஒண்டு அவரின்ர முழு வாழ்க்கையிலும் வேறு இல்லை.

2015 மே மாதம் புங்குடுதீவில் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த மாணவிக்கு நடந்தது எல்லாருக்கும் தெரியும். வடக்கு முழுக்க மாணவர் றோட்டில் இறங்கினம். 2017 செப்டெம்பரில் தீர்ப்பாயம் ஏழு பேருக்கு மரண தண்டனை விதித்தது. இறங்கினது சரி. இண்டைக்கும் இறங்குவம். ஆனால் அந்தக் கோபம் வந்தது ஒரு உடல் கிடந்த பிறகு. உயிரோட திரும்பி வந்து, இன்னார்தான் எண்டு பேரைச் சொல்லுற பிள்ளைக்கு எங்கட தீவு என்ன செய்யும்? எந்த உடுப்போட போனவ எண்டு கேட்கும். ஏன் தனியப் போனவ எண்டு கேட்கும். கொழும்பில் ஒரு சின்னம்மா வீட்டுக்கு அனுப்பும். செத்த பிள்ளைக்குத்தான் நாங்கள் சாட்சி சொல்லத் தேவையில்லாத நீதியைக் கொடுக்கிறம்.

எங்களோட வாதாடுற தோழர்கள் இரண்டு விசயம் சொல்லுவினம். மொடலிங் முதலாளித்துவம், அவர் பிராமணக் குடும்பம், அமெரிக்கப் பிரஜை. இரண்டும் உண்மை. மொடலிங்கை விடுதலை எண்டு நாங்கள் சொல்லேல்லை. பாரிஸ் மேடையில் ஒரு கறுப்புப் பெண் நடந்ததால் வேலணைக் கடைகளில் வெள்ளையாக்கிற கிறீம் ஒண்டும் குறையவில்லை. சைவச் சாப்பாட்டு வீட்டில் வளர்ந்தவர் பிறகு உலகத்தின் எல்லா இறைச்சியையும் ருசி பார்த்தது அவருக்குச் சாதனையாய் எழுதப்படும். மீன் வெட்டி வாழுற எங்கட அக்காமாரின்ர கை மணத்துக்கு இங்கே வேற பேர் வைப்பினம். அந்தச் சலுகை அவருக்கு இருந்தது, கேள்வி இல்லை. ஆனால் தோழர்களே, இந்தச் சலுகையோட இருந்தவருக்கே நோவைச் சொல்ல 23 வருசமும் வல்லுறவைச் சொல்ல 32 வருசமும் எடுத்திருக்கு. சலுகை இல்லாதவையின் கணக்கை நீங்கள் போடுங்கோ. அதோட இன்னொண்டு: கிரிக்கெட் விளையாடுறவர், சினிமா நடிக்கிறவர், அரசியல் செய்யுறவர் எண்டு எத்தனை பேருக்கு வர்க்கம், சாதி கேட்காமல் நீங்கள் கட்டவுட் வைக்கிறியள். பொம்பிளை கமராவுக்கு முன்னால் நிண்டால் மட்டும் ஏன் மார்க்ஸ் ஞாபகம் வாறார்?

எங்களில் இரண்டு பேர் அந்த 2018 கட்டுரையைத் தமிழில் கொண்டுவரத் தொடங்கியிருக்கினம். பெரிய கட்டுரை இல்லை. 'கற்பழிப்பு' எண்ட சொல்லைப் போடக்கூடாது எண்டதில் சண்டை வரேல்லை. 'பாலியல் வல்லுறவு' எண்டு முடிவாச்சு. முதல் பிரதியை எங்களைவிட மூத்த, நல்லா வாசிக்கிற ஒரு அக்காவிடம் பார்க்கக் கொடுத்தம். அவ இரண்டாம் பக்கத்தில் நிப்பாட்டிவிட்டு, "செய்தவன் இவ விரும்பிப் பழகின பெடியன்தானே, அப்ப அதுக்கு இந்தச் சொல்லைப் போடலாமோ?" எண்டு கேட்டா. வேலை இப்ப அந்த வசனத்தில் நிக்குது.